வழியும் வளவும்

மனிதர் தனித்து வாழ்வதற்கு வளவு வேண்டும். கூடி வாழ்வதற்கு வழி வேண்டும். வளவில்லாதவனுக்கு நிற்க இடமில்லை. வழியில்லாதவனுக்கு நின்ற இடமே சிறைச்சாலை. இவ்விரண்டும் ஒன்றையொன்று வேண்டி நிற்பனவாயினும், வழியை அகலிக்கப் புகும்போது வளவு குறுகுதலும், வளவை நீட்டப் புகும்போது வழி குறுகுதலும் இயல்பாதலின், இவற்றிடையே வழக்கு உண்டாகாத ஊர் ஒன்றேனும் இல்லை. பிரதேச சபைக்கும் காணிக்காரருக்கும், வீதிப் பகுதியாருக்கும் வீட்டுக்காரருக்கும் இதுபற்றி நிகழும் பிணக்குக்களை வெறுங் காணிவழக்கு என்று தள்ளிவிடுதல் தகாது. அவற்றினுள்ளே ஓர் அறவினா அடங்கிக் கிடக்கின்றது. பலருடைய நன்மையின் பொருட்டு ஒருவனுடைய நிலத்தை அவனது உடம்பாடின்றி எடுத்தல் அறமாகுமா? ஆகுமாயின் எவ்வெல்லை வரையில் ஆகும்? இதுவே அவ்வினா.

உபாத்தியாயர்களாகிய நமக்கு இவ்வினா புறம்பானதன்று. ஓர் ஒழுங்கையை அகலிக்க ஊரார் எண்ணும்போது விண்ணப்பம் எழுதுவோர் நாம். சங்கக் கூட்டத்திலே குறிப்பெழுதுவோர் நாம். இணங்காத காணிக்காரரிடத்திலே, "மாஸ்ரர், நீங்கள் ஒருக்காச் சொன்னால் அவை கேட்பினம்" என்று தூது போக்கப்படுவோரும் நாமே. ஆதலால் இவ்விடயத்திலே நியாயம் யாது என்பதை முன்னரே தெளிந்துகொள்ளுதல் நமக்குக் கடனாகும்.

இவ்வழக்கைப் பேசுவோர் இருதிறத்தினர். ஒரு சாரார், "காணி என்னுடையது, உறுதியிலே எழுதப்பட்டிருக்கின்றது, ஓரங்குலமும் விடேன்" என்பர். மற்றொரு சாரார், "பொதுநன்மை என்று வந்தபின் தனியொருவர் வாய்திறத்தல் ஆகாது" என்பர். இவ்விரு கூற்றும் பாதி உண்மையுடையன. பாதி உண்மையை முழு உண்மையாகக் கொள்ளுதலே பகைக்கு வித்தாதலின், இவற்றை ஒவ்வொன்றாக ஆராய்வாம்.

முதலாவது, உறுதியைக் காட்டுவோர் தம் உறுதியை முற்றாக வாசித்தல் வேண்டும். அதிலே நான்கு எல்லைகள் கூறப்பட்டிருக்கும். அவற்றுள் ஓரெல்லை பெரும்பாலும் "தெரு" என்றோ "ஒழுங்கை" என்றோ இருக்கும். கிணற்றுப் பங்கும் வழிவாய்க்காற் பாத்தியமும் அவ்வுறுதியிலேயே சேர்த்து எழுதப்பட்டிருக்கும். அத்தெரு எங்கிருந்து வந்தது? வானத்திலிருந்து இறங்கியதன்று. முன்னொரு காலத்திலே யாரோ ஒருவர் தம் நிலத்திலே பிறர் நடக்க இடங்கொடுத்தமையாலேயே இன்று நம் படலைக்கு முன்னே தெருவுண்டு. தெருவோரத்துக் காணிக்கு விலை மிகுதி என்பதை விற்கும்போது பெருமையாகச் சொல்லுகின்றோம். அம்மிகுதி நம் உழைப்பினால் வந்ததன்று, தெருவினால் வந்தது. பிறர் விட்ட வழியினாலே பயனடைந்த ஒருவர், தம் முறை வருங்கால் "வழிவிடேன்" என்று மறுத்தல் பெற்ற கடனைக் கொடாமையோடு ஒக்கும்.

இவ்விடத்திலே நம்மூர்ப் பழக்கம் ஒன்றையும் மறையாது கூறவேண்டும். வேலி அடைக்குங் காலந்தோறும் கதியால் ஒரு சாண் வெளியே நடப்படுகின்றது. இவ்வாண்டு ஒரு சாண். சில ஆண்டு கழித்து இன்னொரு சாண். தந்தையார் காலத்திலே இரண்டு வண்டிகள் ஒன்றையொன்று விலகிச் சென்ற ஒழுங்கையிலே மகன் காலத்திலே ஒரு முச்சக்கர வண்டி திரும்ப இயலாதிருக்கின்றது. ஒருவர் பொருளை ஊரார் எடுத்தால் அநியாயம் என்று கூக்குரலிடும் நாம், ஊரார் பொருளை ஒருவர் எடுத்தலை "வேலி அடைத்தல்" என்று சொல்லிவிடுகின்றோம். பெயர் மாறினாற் செயல் மாறாது. அளவையாளர் பழைய படத்தை விரித்து எல்லைக்கல்லைத் தேடும்போது, அவர் கேட்பது நம் காணியையன்று, நாம் எடுத்ததைத் திருப்பித் தரும்படியே என்பதை உணர்ந்துகொண்டால் வழக்குக்களிற் பல அங்கேயே தீரும்.

இனி, இரண்டாவது கூற்றை நோக்குவாம். பொதுநன்மை என்னும் சொல் பெரிது. ஆனால் அதன் நிழலிலே நிகழ்ந்தவை அனைத்தும் நன்மையல்ல. 1820களிலே தேசாதிபதி எட்வேட் பாண்ஸ் கொழும்பிலிருந்து கண்டிக்கு வீதி அமைப்பித்தபோது, இராசகாரியம் என்னும் கட்டாய ஊழியத்தைக் கொண்டே பெரும்பகுதி வேலையைச் செய்வித்தார். வீதி நல்லது, இன்றும் பயன்படுகின்றது. ஆனால் அதன் பாரத்தைச் சுமந்த குடியானவர்களை ஒருவரும் உடம்பாடு கேட்டிலர். 1832 இல் இராசகாரியம் ஒழிக்கப்பட்டது. பின்னர் 1848 இல், வயதுவந்த ஆடவர் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு ஆறுநாள் வீதிவேலை செய்தல் வேண்டும், அன்றேல் அதற்கீடாகப் பணங் கட்டுதல் வேண்டும் என்று ஒரு கட்டளைச் சட்டம் பிறந்தது. அவ்வாண்டு மாத்தளை முதலிய இடங்களில் எழுந்த கலகத்துக்கு அதுவும் ஒரு காரணமாயிற்று. ஆகவே, வீதி யாருக்கு நன்மை என்னும் வினாவோடு, அதன் பாரம் யார் தலையில் என்னும் வினாவும் கூடவே பிறக்கின்றது. முதல்வினாவை மட்டும் கேட்டு இரண்டாவதை விடுதல் நடுநிலையன்று.

மிசன் பாடசாலையிலே கற்றோர் நாபோத்து என்பானுடைய திராட்சைத் தோட்டத்துக் கதையை அறிவர். ஆகாப் என்னும் அரசன் தன் அரண்மனைக்கு அருகிலிருந்த அத்தோட்டத்தை விரும்பி, அதனினும் நல்ல தோட்டமேனும் தக்க விலையேனும் தருவேன் என்றான். நாபோத்து, "இது என் பிதாக்கள் வழிவந்த முதுசொம், தாரேன்" என்றான். அரசி பொய்ச்சாட்சி புனைந்து அவனைக் கொல்வித்தாள். அரசன் தோட்டத்துள்ளே புகுந்தான். அரசன் விலை கொடுக்க மறுத்தானல்லன். அவன் குற்றம் இரண்டு. நிலத்தை அவன் விரும்பியது ஊருக்காக அன்று, தன் கீரைத்தோட்டத்துக்காக. மறுமொழி கேட்டான், ஆனால் மறுமொழியை மதித்தானல்லன். வழிக்காக நிலமெடுக்கும் ஒவ்வோர் அதிகாரியும் இவ்விரண்டையும் தன்னகத்தே வினாவிக்கொள்ளுதல் நன்று. இவ்வீதி எல்லாருக்குமா, அன்றி யாரோ ஒரு பெரியவரின் வாசலுக்கா? நாம் கேட்டது மறுமொழியை எண்ணிப் பார்ப்பதற்கா, அன்றிச் சடங்குக்கா?

ஆங்கிலச் சட்ட ஆசிரியராகிய பிளாக்ஸ்ரன் என்பார் 1765 இல் வெளியிட்ட தம் நூலின் முதற் பாகத்திலே, நிலவுரிமையைப் பற்றிப் பேசுமிடத்து எடுத்துக்கொண்ட உதாரணம் புதுவீதியே என்பது நினைக்கத்தக்கது. ஒருவனுடைய நிலத்தினூடே வீதி போதல் ஊருக்குப் பெருநன்மையாயினும், அவன் சம்மதமின்றி ஒருவரோ பலரோ கூடி அதனைச் செய்தல் ஆகாது. சட்டமன்றம் மாத்திரமே அவனை இணங்கச் செய்யலாம். அதுவும் அவனுக்கு முழு ஈடு கொடுத்தே செய்யலாம் என்பது அவர் கருத்து. சட்டமன்றமும் பறிக்கவில்லை, விலைகொடுத்து வாங்குகின்றது, விற்கும்படி அவனைக் கட்டாயப்படுத்துகின்றது என்று அவர் வேறுபாடு காட்டுவர்.

நம்நாட்டு நியாயமும் ஏறக்குறைய இவ்வழிப்பட்டதே. 1950 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டம் படிப்படியாகச் செல்லுகின்றது. முதலில் 2 ஆம் பிரிவின்படி, ஒரு பொதுக்காரியத்துக்கு நிலம் வேண்டும் என்னும் அறிவித்தல் அப்பகுதியிலே ஒட்டப்படும். 4 ஆம் பிரிவின்படி, ஆட்சேபம் உடையவர் எழுதித் தெரிவிக்க இடங்கொடுக்கப்படும். ஆட்சேபங்களை ஆராய்ந்தபின் அமைச்சர் 5 ஆம் பிரிவின்படி நிலம் வேண்டியதே என்று பிரகடனஞ் செய்வர். 7 ஆம் பிரிவின்படி, உரித்துடையவர்கள் தம் உரித்தையும் கோரும் நட்டஈட்டையும் தெரிவிக்குமாறு அழைக்கப்படுவர். விசாரணையின் பின் நட்டஈடு தீர்மானிக்கப்படும். அது போதாது என்பார் மீளாய்வுச் சபைக்கு முறையிடலாம். இவற்றோடு, 2000 ஆம் ஆண்டில் உயர் நீதிமன்றம் அளித்த ஒரு தீர்ப்பு, இன்ன பொதுக்காரியத்துக்கு என்று அறிவித்தலிலே வெளிப்படையாகச் சொல்லுதல் வேண்டும் என்று வற்புறுத்தியது. காரியம் யாது என்று அறியாதவன் எதை ஆட்சேபிப்பான்?

ஆயினும் இச்சட்டத்திலே ஒரு குறுக்குவழி உண்டு. 38 ஆம் பிரிவின் காப்புவாசகத்தின்படி, அவசரம் என்று கூறி, முதல் அறிவித்தல் ஒட்டப்பட்ட பின் எந்நேரத்திலும் நிலத்தைக் கைப்பற்றக் கட்டளையிடலாம். உண்மையான அவசரமும் உண்டு என்பதை மறுப்பாரில்லை. ஆனால் அவசரம் வழக்கமாகிவிடின், ஆட்சேபம் சொல்லும் பிரிவு ஏட்டிலே மாத்திரம் இருக்கும். வேலி பிரிந்து, மதில் இடிந்து, கல்லுப் பரவியபின் ஆட்சேபத்தை எழுதுவது யாருக்கு?

இவ்வினா பெரியதோர் உருவிலே எழுந்த இடம் தெற்கு அதிவேகப் பாதையாகும். ஆசிய அபிவிருத்தி வங்கியும் யப்பானும் கடனுதவ, கொட்டாவையிலிருந்து காலிவரை அமைந்து 2011 நவம்பரில் திறக்கப்பட்டு, 2014 இல் மாத்தறைவரை நீண்ட பாதை அது. அமைக்கத் தொடங்குமுன், பாதை செல்லுங் கோடு ஒன்று வகுக்கப்பட்டுச் சுற்றாடல் ஆய்வுக்கு உட்படுத்தப்பட்டது. பின்னர் அக்கோடு சில இடங்களிலே விலக்கப்பட்டது. முதற்கோட்டினாலே தீண்டப்படாத வளவுகள் பல புதுக்கோட்டினுள் அகப்பட்டன. பண்டாரகம, அக்மீமன ஆகிய பகுதிகளைச் சேர்ந்த காணிக்காரர் சிலர், "எங்களைக் கேளாமலே கோடு மாற்றப்பட்டது" என்று நீதிமன்றஞ் சென்றனர். மேன்முறையீட்டு நீதிமன்றம் பெருந்தொகையான மக்களின் நன்மையே மேலோங்கும் எனக் கொண்டு அவர்களுக்கு மாறாகத் தீர்த்தது. அவர்கள் உயர் நீதிமன்றத்துக்கு முறையிட்டனர்.

2004 ஜனவரியில் உயர் நீதிமன்றம் அளித்த தீர்ப்பு நாம் ஊன்றி நோக்கத்தக்கது. கோட்டின் மாற்றம் சிறியதன்று. அதனால் பாதிக்கப்படுவோருக்கு அறிவித்தலும் அவர் சொல்லைக் கேட்டலும் நடந்திருத்தல் வேண்டும். அவை நடவாமையால் இயற்கை நீதி மீறப்பட்டது என்று மன்றம் கண்டது. ஆனால் வேலையை நிறுத்தியதோ? இல்லை. பாதை போகட்டும் என்று விட்டது. விட்டபின்னும் காணிக்காரரை வெறுங்கையோடு அனுப்பவில்லை. பொதுநன்மையை எண்ணி அவர்கள் உரிமை பின்தள்ளப்படுமாயின், பின்தள்ளப்பட்டவருக்கு ஈடு செய்தல் வேண்டும் என்று கூறி, கேளாமை என்னும் குற்றத்துக்காக, காணியின் விலைக்கு வேறாக, நட்டஈடு கொடுக்குமாறு கட்டளையிட்டது.

இங்கே ஒருவர், "பாதை போவது நிச்சயமாயின் கேட்டு ஆவதென்ன? முடிவு மாறாத இடத்திலே கேள்வி வீண் அன்றோ?" என்று வினாவலாம். இவ்வினாவே இக்கட்டுரையின் உயிர்நிலை. நம் தமிழிலே கேட்டல் என்னும் ஒரு சொல்லே இரு பொருள் தரும். வேண்டுமென்று வினாவுதலும் கேட்டல், செவிகொடுத்தலும் கேட்டல். சபை ஒருவனிடத்திலே காணியைக் கேட்கின்றது. அவன் சொல்வதைக் கேட்கின்றதா? முதற்கேள்வியை உடையார் இரண்டாவது கேள்வியையும் உடையராதல் வேண்டும். அதற்கு நியாயம் மூன்று உள.

முதலாவது, நிலத்தை அறிந்தவன் நிலத்துக்குரியவனே. மழைநீர் எப்பக்கம் ஓடும், கிணற்றின் ஊற்று எங்கிருக்கின்றது, எந்தப் பனையின் கீழே பழைய கல்லிருக்கின்றது என்பன படத்திலே வரையப்படுவதில்லை. அவனைக் கேட்டால் வீதி நன்றாக அமையும். கேளாது கட்டிய மதகினாலே மாரிகாலத்திலே வீட்டுக்குள் வெள்ளம் புகுந்த கதைகள் நம்மூரிலே பல. இரண்டாவது, கேட்டால் முடிவு சிறிதேனும் மாறக்கூடும். முழுவீதியை விலக்க முடியாதாயினும் ஆறடி விலக்க முடியும். ஒரு கிணற்றைக் காக்க முடியும். மாறாது என்பதைக் கேட்டபின்னரே சொல்லலாம். கேட்குமுன் சொல்லுதல் அகங்காரம். மூன்றாவது, முடிவு சிறிதும் மாறாதாயினும், கேட்கப்பட்டவன் மனிதனாக நடத்தப்பட்டவனாகின்றான். கேட்கப்படாதவன் வழியிலே கிடந்த கல்லாக அகற்றப்பட்டவனாகின்றான். நட்டஈடு நிலத்தின் விலையைத் தரும். நிலத்துக்குரியவனின் மதிப்பைத் தருவது கேள்வியே. தந்தையார் நட்ட மரத்தையும், தாயார் வளர்ந்த முற்றத்தையும் பெறுமதியிடுவாரில்லை. அவற்றை இழக்கின்றவன் தன் இழவைச் சொல்லவும், சொல்வதைப் பிறர் பொறுமையோடு செவிமடுக்கவும் உரியவன்.

திருவாரூரிலே மனுநீதி கண்ட சோழன் வாயிலிலே கட்டிய ஆராய்ச்சி மணியை நாம் பிள்ளைகளுக்கு ஆண்டுதோறும் சொல்லுகின்றோம். தேர்க்காலில் அகப்பட்ட கன்றும் வீதியிலேயே இறந்தது. அரசன் தண்டனையிற் கடுமையுடையவன் என்பதை மாத்திரம் எடுத்து, மணியை மறந்துவிடுகின்றோம். வாயில்லாத பசுவும் முறையிடத்தக்க ஒரு வழியை முன்னரே அமைத்து வைத்திருந்தமையன்றோ அவன் நீதியின் தொடக்கம்? ஆட்சேபம் கேட்கும் பிரிவு நம் சட்டத்தின் ஆராய்ச்சி மணி. அதன் கயிற்றை அறுத்தலாகாது.

இதுவரை பெருவீதியைப் பேசினோம். அதிலே சட்டமும், நீதிமன்றமும், நட்டஈடும் உண்டு. நம் உள்ளத்துக்கு அணுக்கமான சங்கடம் ஊர் ஒழுங்கையிலேதான் இருக்கின்றது. ஒழுங்கை அகலிப்புக்கு வேண்டிய நிலத்துக்கு விலைகொடுக்கச் சபையிலே பணம் அருமை. ஆதலால் ஊரவர் தாமாகவே இருபுறமும் மும்மூன்று அடி விட்டுக்கொடுத்துக் கையெழுத்து வைத்தால் தார் போடலாம் என்னும் நிலை வருகின்றது. மனமுவந்து விடுவோர் பலர். அவர்களது பெருந்தன்மையை யாம் குறைத்துப் பேசோம். ஒருவர் இருவர் தயங்குவர். அப்போது கூட்டம் கூடுகின்றது. "எல்லாரும் விட்டாச்சு, இவை மட்டும் விடேல்லை" என்னும் பேச்சு எழுகின்றது. கோயிலிலும் கடையிலும் அவர்களைக் கண்டு முகந்திருப்புதல் நிகழ்கின்றது. முடிவிலே கையெழுத்து விழுகின்றது. திறப்புவிழாவிலே "காணி அன்பளிப்புச் செய்தோர்" என்று அவர்கள் பெயரும் வாசிக்கப்படுகின்றது.

ஓரூரிலே இவ்வாறு கையெழுத்து வைத்த கைம்பெண் ஒருத்தி பின்னர் யாம் கேட்க உரைத்தது இது: "நான் குடுக்கேல்லை, மாஸ்ரர். எடுத்துப்போட்டுக் குடுத்தது எண்டு எழுதிப்போட்டினம்." இவ்வொரு வாக்கியத்திலே ஒரு நூலளவு நியாயம் அடங்கியிருக்கின்றது. தானம் என்பது உள்ளம் உவந்து கொடுப்பது. அச்சத்தினாலோ நாணத்தினாலோ பறிக்கப்பட்டது தானமாகாது. பறித்ததை விலைகொடுத்து ஈடு செய்தாலும் செய்யலாம்; பறித்துவிட்டுத் தானம் என்று பெயரிட்டால், நிலத்தோடு அவள் உண்மையையும் பறித்ததாகும். அரசாங்கம் கட்டாயமாக எடுக்கும்போது "எடுக்கின்றோம்" என்று நேரே சொல்லி, விலையும் தருகின்றது. ஊரவராகிய நாம் "கேட்கின்றோம்" என்று சொல்லி எடுத்து, விலையும் தாராதிருக்கின்றோம். இவ்விரண்டில் எது மென்மையானது என்பதை வாசிப்போர் சிந்திக்க.

"எல்லாரும் மூன்றடி, ஆகவே பாரம் சமம்" என்பர் சிலர். ஒரு கணக்குச் செய்து பார்ப்போம். ஒரு பரப்பு 10 பேர்ச். ஒரு பேர்ச் 272¼ சதுர அடி. இரண்டு பரப்பு வளவுடையாள் ஒருத்திக்கு மொத்தம் 5,445 சதுர அடி. அவள் வேலி ஒழுங்கையோரமாக 60 அடி நீளமாயின், மூன்றடி விடுவதனால் 180 சதுர அடி போகும். அஃதாவது அவள் நிலத்தில் ஏறக்குறைய 30 இல் ஒரு பங்கு. எதிர்ப்புறத்திலே இருபது பரப்பு உடையார் ஒருவருக்கு மொத்தம் 54,450 சதுர அடி. அவர் வேலி 150 அடியாயின், போவது 450 சதுர அடி. அஃதாவது 121 இல் ஒரு பங்கு. அடிக்கணக்கிலே அவரே மிகுதியாகக் கொடுத்தார். பங்குக்கணக்கிலே அவள் நான்கு மடங்கு கொடுத்தாள். அன்றியும் அவள் அடுக்களை வேலியோடு ஒட்டியிருக்கும்; அவர் வீடு நடுவளவிலே இருக்கும். ஒழுங்கை அகன்றபின் வாகனம் ஓட்டிச் செல்வார் அவர். ஒதுங்கி நடப்பாள் அவள். ஒரே அளவு ஒரே பாரமன்று என்பதை ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்கும் இக்கணக்கினாலே விளக்கலாம்.

இழப்பை அடிக்கணக்கினால் அன்றி, எஞ்சிய பயனைக் கொண்டே அளத்தல் வேண்டும் என்பதற்கு அமெரிக்க நாட்டிலே ஒரு பழைய வழக்கு உண்டு. சிக்காகோ நகரசபை றொக்வெல் என்னும் தெருவை நீட்டுதற்பொருட்டுச் சில தனியார் நிலங்களையும் ஒரு புகையிரதக் கம்பெனியின் நிலத்தையும் எடுத்தது. தனியாருக்குக் கிடைத்த ஈடு ஏறக்குறைய 13,000 டொலர். கம்பெனிக்குக் கிடைத்தது ஒரு டொலர். கம்பெனி வழக்காடியது. 1897 இல் அந்நாட்டு உயர் நீதிமன்றம், ஈடின்றி எடுத்தல் ஆகாது என்னும் விதியை உறுதியாகச் சொல்லிவிட்டு, அவ்வொரு டொலரையே போதுமென்று நிறுத்தியது. தெரு தண்டவாளத்தைக் குறுக்கே கடந்தாலும், கம்பெனியின் வண்டிகள் முன்போலவே ஓடும். ஆதலால் இழந்தது சிறிது என்பது காரணம். அத்தொகை சரியோ பிழையோ என்பார் பலர் உளர். ஆனால் எவ்வளவு எடுத்தோம் என்பதனோடு எதை விட்டுவைத்தோம் என்பதையும் பார்த்தல் வேண்டும் என்னும் அளவுகோல் நமக்கு உதவும். அவ்வளவுகோலை வலியவனுக்கு அன்றி எளியவளுக்காகப் பயன்படுத்துவதே நம் கடமை.

இதனாலே ஒழுங்கை அகலிப்புக்கு ஒரு விதி பெறப்படும்: வழியினாலே பயனடைவோர் அனைவரும் வழியின் விலையைப் பகிர்தல் வேண்டும். பத்து வீட்டுக்குப் பயன்படும் ஒழுங்கைக்காக ஒரு வீட்டின் கிணற்றுக்கட்டு உடையுமாயின், அதனைத் திருத்தும் செலவு மற்றை ஒன்பது வீட்டாருக்கும் உரியது. மதிலோ வேலியோ பின்னே தள்ளப்படுமாயின், புதிய வேலியை ஊரார் அடைத்துக் கொடுத்தல் வேண்டும். இருபுறமும் சமமாக எடுக்க வேண்டும் என்பது எழுதாத விதியே. பெருவளவின் பக்கம் நான்கரை அடியும் சிறுவளவின் பக்கம் ஒன்றரை அடியும் எடுக்க நியாயம் தடைசெய்யாது. உடையவர் விரும்பின் அதுவே உண்மையான தானமாகும். பணம் சேர்க்க இயலாத ஊரில்லை. திருவிழாவுக்குச் சேர்க்கின்ற நாம் ஒரு விதவையின் வேலிக்குச் சேர்க்க இயலாதா?

நம் பகுதிக்கு உரியதாகிய இன்னொரு சங்கடமும் உண்டு. 2009 இல் போர் முடிந்தபின் வடக்கிலே வீதிகள் பல திருத்தி அகலிக்கப்பட்டன. நெடுங்காலம் கிடங்கும் பள்ளமுமாகக் கிடந்த வீதிகள் செப்பமானமை பெருநன்மை. ஆனால் வேலிகளுக்கு உரியவர் பலர் ஊரிலில்லை. சிலர் கனடாவிலே, சிலர் சென்னையிலே, சிலர் எங்கே என்பதை உறவினரும் அறியார். இடப்பெயர்வுகளிலே உறுதிகளை இழந்தவர் பலர். இல்லாதவர் வேலியிலே ஒட்டிய அறிவித்தலை வாசிப்பவர் யார்? "ஆளில்லாக் காணி" என்னும் பெயர் அங்கே எளிதாக வந்துவிடுகின்றது. ஆள் இல்லை என்பது உரித்து இல்லை என்பதன்று. 2001 இல் அமைச்சரவை ஏற்றுக்கொண்ட மீள்குடியமர்த்தற் கொள்கை, எழுத்துறுதி இல்லாதவரும் நியாயமாக நடத்தப்படல் வேண்டும் என்று கூறுகின்றது. ஆதலால் அயலவர் விலாசத்தைத் தேடிக் கொடுத்தலும், தொலைபேசியிலே அறிவித்தலும், எல்லையை நிழற்படமெடுத்து வைத்தலும் சிறு காரியங்களாயினும் பெரிய அறங்களாம். கண்முன் நில்லாதவனுக்குச் செய்யும் நீதியே நீதியின் உரைகல்.

இனி ஒரு தடையை எழுப்பி விடை கூறுவாம். "இவ்வாறெல்லாம் கேட்டுக்கொண்டும் கணக்குப் பார்த்துக்கொண்டும் இருந்தால் வீதி எப்போது முடியும்? பிரசவவேதனையோடு கிடப்பவளை ஏற்ற நோயாளர் வண்டி ஒழுங்கைக்குள் வரமுடியாமல் நிற்கின்றதே. தாமதமும் அநியாயம் அன்றோ?" என்பது அத்தடை. இது மெய்யான தடை. தாமதத்தினாலே துன்புறுவோரும் மனிதரே. அவர்கள் பெயர் எவ்வழக்கிலும் எழுதப்படுவதில்லை. ஆனால் தாமதம் எங்கே பிறக்கின்றது என்று பார்த்தல் வேண்டும். முறையாகக் கேட்பதற்குச் சில கிழமைகளோ மாதங்களோ செல்லும். கேளாது எடுத்தமையால் எழுந்த வழக்கு ஆண்டுக்கணக்காக நீளும். நட்டஈட்டுக்குக் கச்சேரிப் படியேறி முதுமையடைந்தோர் உளர். முன்னே கொடுக்கவேண்டிய பொறுமையைக் கொடாதவர் பின்னே அதனை வட்டியோடு கொடுக்கின்றார்.

அவ்வாறே, கேட்கப்பட்ட காணிக்காரருக்கும் ஒரு கடமை உண்டு. காரியம் வெளிப்படையாகச் சொல்லப்பட்டு, தம் சொல் செவிமடுக்கப்பட்டு, தக்க ஈடும் ஒழுங்கு செய்யப்பட்ட பின்னரும், அயலவனோடுள்ள பழம்பகை பற்றியோ, விலை இன்னும் ஏறட்டும் என்றோ வழியை மறித்து நிற்றல் உரிமையைக் காத்தலன்று. உரிமையைக் கொண்டு பிறரை வருத்தலாம். கேள்வியைப் பெற்றவன் மறுமொழியையும் நேர்மையாகக் கொடுத்தல் வேண்டும். அதிகாரியின் அவசரமும் காணிக்காரனின் பிடிவாதமும் ஒரே மரத்தின் இரு கிளைகள். தன்னைத் தவிர வேறொருவன் அங்கே இருக்கின்றான் என்பதை மறத்தலே அம்மரத்தின் வேர்.

உபாத்தியாயர்காள்! நாம் தூது போகும்போது ஒருபக்கத்து ஓலையை மாத்திரம் கொண்டு போகாதிருப்போமாக. சபையின் எண்ணத்தைக் காணிக்காரருக்கு உரைக்கும் நாவினாலேயே, காணிக்காரரின் இழவைச் சபைக்கும் உரைப்போமாக. கையெழுத்து வாங்குமுன் எழுத்தை வாசித்துக் காட்டி, விடாதிருக்கவும் அவர்களுக்கு உரிமையுண்டு என்பதைச் சொல்லுவோமாக. அதனைச் சொன்னபின்னும் ஒருவர் மனமுவந்து விடுவாராயின், அவர் பெயரைக் கல்லிலே வெட்டினாலும் தகும். சட்டத்தின் படிகளை அறியாத முதியவருக்கு அவற்றை விளக்கி, ஆட்சேபத்தையும் நட்டஈட்டுக் கோரிக்கையையும் காலந்தவறாமல் எழுதிக்கொடுப்போமாக. பிள்ளைகளுக்குப் பரப்பளவுக் கணக்குக் கற்பிக்கும்போது, ஊர்ப் படத்தை விரித்து, ஓர் ஒழுங்கையை அகலித்தால் யார் யார் எத்தனை பங்கு இழப்பர் என்று அவர்களையே கணிக்கச் செய்வோமாக. கணிதமும் நீதியும் ஒரே பாடமாகும் இடம் அது. நம் சொந்த வேலியை அடைக்கும் நாளிலே, கதியாலைப் பழைய குழியிலேயே நடுவோமாக.

வழி எல்லாருக்கும் உரியது. ஆதலால் அதன் பாரமும் எல்லாருக்கும் உரியது. வளவு ஒருவருக்கு உரியது. ஆதலால் அதனை எடுக்குமுன் அவ்வொருவரைக் கேட்டல் வேண்டும். இவ்விரண்டு வாக்கியங்களையும் ஒருங்கே மனத்திற் கொண்ட ஊரிலே, வேலி பின்னே போனாலும் அயல் பின்னே போகாது.